கீழ்வீட்டுக்காரரைப் பற்றி நான் எழுதிய கடிதம்

மார்ச் 4, செவ்வாய்

கணக்குச் சோதனை பரவாயில்லை. அப்பா இரவு பஸ் ஓட்டிவிட்டுக் காலையில் படுத்தால், பத்து மணிக்கே கீழ்வீட்டுச் சுவீடன்காரர் ட்ரொம்போன் ஊதத் தொடங்கிவிடுகிறாராம். ஒரே சுரம். மாடு கத்துவது போல.

"சங்கத்துக்கு ஒரு கடிதம் எழுது பிள்ளை. உனக்குத்தானே நொர்வேஜியன் வடிவா வரும்" என்றார் அப்பா.

எழுதினேன். ஆனால் குடியிருப்புச் சங்கத்தின் விதிப்படி பகலில் வாசிக்கலாம். அதனால் "இரவிலும் வாசிக்கிறார்" என்று நானாகச் சேர்த்தேன். அப்பா நித்திரை கொள்ளட்டும் என்றுதான். அவர் வாசிக்காமலே கையெழுத்துப் போட்டார்.

மார்ச் 13, வியாழன்

லிஃப்டில் கீழ்வீட்டுக்காரர். கையில் சங்கத்தின் எச்சரிக்கை. இன்னொரு முறைப்பாடு வந்தால் வீட்டை விற்க வேண்டுமாம். "இரவில் என் சத்தம் உனக்குக் கேட்டதா?" என்றார்.

"தெரியாது" என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன்?

மார்ச் 14

எல்லோரும் படுத்த பிறகு, போர்வைக்குள் போனில் அவர் பெயரைத் தேடினேன். லென்னார்ட் பெர்க்லோவ். சுண்ட்ஸ்வாலில் பிறந்தவர். பதினாறு வயதில் நடன இசைக்குழு. பிறகு ஸ்டொக்ஹோம், ஜாஸ், பன்னிரண்டு இசைத்தட்டு. பழைய படத்தில் கன்னம் உப்பிச் சிரிக்கிறார். ஆறு வருடங்களுக்கு முன் பனியில் வழுக்கி விழுந்து முன்பற்கள் போயின. அதன்பின் மேடை ஏறவில்லை.

பொய்ப்பல்லோடு முதலிலிருந்து பழகுகிறார். அதுதான் அந்த ஒரே சுரம்.

மார்ச் 16, ஞாயிறு

தேவாலயத்தில், பாவசங்கீர்த்தனத்தின்போது சுவாமியாரிடம் "பொய் சொன்னேன்" என்று மட்டும் சொன்னேன். எந்தப் பொய் என்று சொல்லவில்லை. அது செல்லுமா?

மார்ச் 19

இனி ஏலாது. அப்பா வேலைக்கு வெளிக்கிடும்போது சொல்லிவிட்டேன். சப்பாத்துக் கயிற்றைக் கட்டாமல் அப்படியே இருந்தார்.

"நான் இரவு எண்டு சொன்னனானோ? இரவிலை நான் வீட்டிலையே இல்லையடி! என்ரை பேரிலை பொய்ச்சாட்சியோ, மேரின்?"

அடித்திருந்தால் நல்லது. அடிக்கவில்லை.

மார்ச் 20

அப்பா என்னைக் கீழே கூட்டிப்போனார். தன்னுடைய உடைந்த நொர்வேஜியனில் தானே பேசினார்: "கடிதத்தில் என் கையெழுத்து. பொய்யும் என்னுடையது." நான் நிலத்தைப் பார்த்தபடி, "இல்லை, நான்தான்" என்றேன்.

பெர்க்லோவ் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு, "இரவில் பல்லைக் கழற்றிவிடுகிறேன், எதைக் கொண்டு ஊதுவது?" என்றார். ஒருவரும் சிரிக்கவில்லை. கதவைச் சாத்துமுன் அப்பாவிடம் மட்டும் கேட்டார், எத்தனை மணிக்கு எழும்புவார் என்று.

மார்ச் 31, திங்கள்

நாங்கள் உண்மையைச் சொன்னதும் சங்கம் எச்சரிக்கையைத் திரும்பப் பெற்றுவிட்டது. பெர்க்லோவ் இப்போது அப்பா எழும்பிய பிறகு, பின்னேரம் மூன்று மணிக்குத்தான் ஊதுகிறார். என்னைக் கண்டால் தலையசைப்பதில்லை.

பள்ளிப் பயணத்துக்கு அப்பாவின் கையெழுத்து வேண்டியிருந்தது. பேனாவை நீட்டினேன். வாங்கவில்லை.

"முதல் வாசி. பிறகு தமிழிலை சொல்லு."

இதுவரை எந்தத் தாளுக்கும் அப்படிக் கேட்டதில்லை. ஒரு வரியும் விடாமல் வாசித்துச் சொன்னேன். அப்பா தாளைத் திருப்பிப் பின்பக்கத்தையும் பார்த்தார்.

"இவ்வளவுதானோ? வேறை ஒண்டும் இல்லையோ?"