புளித்த பன்

வெள்ளிக்கிழமை, பௌர்ணமி.

தொண்டைப் புற்றுக்கு வைத்தியம் பார்த்ததிலிருந்து என் வீட்டுக்காரர் பாலில் ஊறிய பன்னைத்தான் விழுங்குகிறார். பௌர்ணமியன்று கிரிவலக் கூட்டத்தால் எங்கள் அடி அண்ணாமலைக்குள் ஆட்டோ வராது, கடைக்குப் போகவும் முடியாது. அதனால் நேற்றே ஈஸ்ட் போட்டு மாவு பிசைந்தேன்.

"ஃப்ரிட்ஜ்ல வச்சிடும்மா, காலைல சுட்டுக்கலாம்" என்று வேங்கிக்காலிலிருந்து மகள் போனில் சொன்னாள். ஃப்ரிட்ஜ் முழுக்கக் கிரிவலக் கூட்டத்துக்கு விற்கக் கட்டிய சாமந்தி. இட்லி மாவு வெளியில்தானே இருக்கிறது, இதுவும் இருக்கட்டும் என்று மூடி வைத்துவிட்டேன்.

விடிந்து பார்த்தால் மாவு பொங்கி வழிந்து கிடந்தது. அதையே ஓவனில் சுட்டு, பாலில் பிட்டுப் போட்டுக் கொடுத்தேன்.

"எப்படிக்கீது?"

"நல்லாத்தான்கீது. இன்னொண்ணு குடு."

சாயந்திரம் மீதியை நான் வாயில் வைத்தேன். ஒரே புளிப்பு. துப்பிவிட்டேன்.

எங்கள் கல்யாணப் பந்தியிலேயே ரசத்தில் உப்பு கம்மி என்று இலையை மூடிவிட்டு எழுந்த மனுஷன் அவர். சமையல்காரர் வந்து கெஞ்சியும் உட்காரவில்லை. அந்த நாக்கில் ருசியே போய்விட்டதா? இல்லை, இவளைத் திட்டி என்ன ஆகப்போகிறது என்று விட்டுவிட்டாரா? எதுவென்று கேட்கப் பயமாக இருக்கிறது.

மகள் மறுபடி போன் பண்ணினாள். பன் நன்றாக வந்தது, அப்பா இரண்டு சாப்பிட்டார் என்று சொன்னேன்.