அரைஞாண் சாவி

முருகன் துணை

மேட்டூர் அணை
3.6.1974

அன்புள்ள அக்காவுக்கு,

வணக்கம். உன் தம்பி பத்திரமாக வந்து சேர்ந்துவிட்டான். புத்தி மட்டும் பாசஞ்சர் வண்டியில் பின்னால் வந்துகொண்டிருக்கிறது.

நாற்பத்தொரு வயதில் ஒரு நோட்டும் பென்சிலும் ரப்பரும் கையில் கொடுத்து என்னைப் பெஞ்சில் உட்கார வைத்திருக்கிறார்கள். அதுவும் முதல் பெஞ்சு. படிப்பில் ஆர்வம் என்று நினைத்துவிடாதே. பின்னாலிருந்து பார்த்தால் கரும்பலகை இருப்பதே தெரியவில்லை. கண்ணாடி போடு, கண்ணாடி போடு என்று மனோரமா அடித்துக்கொண்டாள். கட்டிய பெண்டாட்டி சொல்லைக் கேட்டு முன்னுக்கு வந்தவன் என்ற பெயர் நம் குடும்பத்தில் யாருக்கும் இல்லையே.

வாத்தியார் பஞ்சாட்சரம் என்னைவிடப் பதினான்கு வயது சின்னவர். முதல் நாளே வாய் தவறி அவரை "இன்னா தம்பி" என்று கேட்டுவிட்டேன். மணி அடிக்கும்வரை நின்றேன். அறையில் கூட இருப்பவர் சேட்டு என்று ஒரு லைன்மேன், சித்தூர் பக்கம். அவர் குறட்டை விட்டால் அணையில் மதகு திறந்துவிட்டார்களோ என்று சந்தேகம் வருகிறது.

ரயிலடியில் நீ சொன்னதை மறக்கவில்லை. இந்தப் பயிற்சிக்கு வந்த ஆர்டரில் முதல் பெயர் பாவாவுடையது. எழுதப் படிக்கத் தெரியாது என்ற ஒரே காரணத்துக்காக "மச்சான் போய்ட்டு வரட்டும்" என்று எனக்கு விட்டுக்கொடுத்தார். தை மாதம் வைக்கப்போகும் வாய்மொழிப் பரீட்சையில் தேறிவிட்டால் அவரும் புது சப்ஸ்டேஷனில் நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்க்கலாம். கம்பம் ஏற வேண்டாம். போன வருஷம் விழுந்து வாங்கிய முழங்கால் வலிக்கு அதுதான் மருந்து. ஆகவே நான் இங்கே படிப்பதை எல்லாம் உனக்கு எழுதுவேன். நீ அவருக்குப் படித்துச் சொல். ஒரு சீட்டில் இரண்டு பேர் பாஸ் பண்ணுவோம்.

பாடம் ஒன்று: புது ஸ்டேஷன் பலகையில் விளக்குகள் இருக்கும். சிவப்பு எரிந்தால் லைன் உயிரோடு இருக்கிறது. பச்சை எரிந்தால் செத்துவிட்டது. ரயிலடியில் பச்சை என்றால் போகலாம். எங்கள் இலாகாவில் பச்சை என்றால் ஆள் போகலாம், கரண்ட் போகாது.

அன்புத் தம்பி
ராஜகோபால்


முருகன் துணை

திருத்தணி
12.6.74

சிரஞ்சீவி தம்பி ராஜகோபாலுக்கு அக்காவின் ஆசீர்வாதம்.

கடிதம் கிடைத்தது. உன் பாவாவுக்கு இரண்டு தடவை படித்தேன். குறட்டை விஷயத்தை மட்டும் நான்கு தடவை. சிரித்துச் சிரித்து இருமல் வந்து, சுக்குக் கஷாயம் வைக்கும்படி ஆயிற்று.

பாடம் ஒன்று நன்றாக ஏறிவிட்டது. நான் சிவப்புப் புடவை கட்டினால் "லைன் உயிரோட கீது, கிட்டப் போவக்கூடாது" என்கிறார். பச்சை கட்டினால் கஷாயம் கேட்கிறார். குப்பம்மாள் கிழவி கிணற்றடியில் நின்று இதைக் கேட்டுவிட்டு, தெரு முழுக்கச் சொல்லிவிட்டாள். வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் சந்தோஷம்தான். நாற்பத்தெட்டு வயதில் இவருக்கு ஒரு பாடம் ஏறுகிறதே.

மற்றபடி அவர் வழக்கம் உனக்குத் தெரியும். ஆர்.கே.பேட்டை லைனில் வேலை என்றால், ரோட்டோரக் கம்பத்தின் கைப்பிடியைக் கீழே இழுத்து, பூட்டுப் போட்டு, சாவியை அரைஞாணில் முடிந்துகொள்வார். வேலை முடித்து அவர் வந்து திறந்தால்தான் கரண்ட். "சாவி எங்கிட்ட கீற வரைக்கும் எமன்கூட லைன் போட முடியாது" என்பார். எண்ணெய் தேய்த்துக் குளிக்கும்போதுகூட அந்தச் சாவி இடுப்பில்தான்.

மனோரமா சௌக்கியம். பாடம் எழுது. வாரம் ஒன்றாவது எழுது.

காஞ்சனா


முருகன் துணை

மேட்டூர் அணை
24.6.1974

அன்புள்ள அக்காவுக்கு,

வாரம் ஒன்று என்று நீ கேட்க, நான் மூன்று வாரத்துக்கு ஒன்றாக எழுதுகிறேன். இங்கே பாடத்தைவிடச் சாப்பாட்டுக் கூடத்தில்தான் அதிகம் கற்கிறோம். காலையில் போட்ட இட்டிலியைச் சேட்டு தட்டில் தட்டிப் பார்த்துவிட்டு, "கம்பத்துல மாட்ற பீங்கான் இதைவிட மெத்துன்னு இருக்கும்யா" என்றார். சமையல்காரர் காதில் விழுந்துவிட்டது. அன்றிலிருந்து எங்கள் மேஜைக்குச் சாம்பார் வருவதில்லை.

கண்ணாடி போட்டுவிட்டேன். கரும்பலகை தெரிகிறது. தெரிந்த பிறகுதான், தெரியாமலே இருந்திருக்கலாம் என்று தோன்றுகிறது.

பாவாவிடம் ஒரு துக்கச் செய்தி சொல். புது ஸ்டேஷன் திறந்ததும் அவர் சாவிக்கு வேலை போய்விடும். அதன்பிறகு அது அரைஞாணுக்கு வெறும் அலங்காரம்தான். ஒரு வெள்ளிக்காசையும் சேர்த்துக் கோத்துக்கொண்டால் எடுப்பாக இருக்கும். ஏன் எதற்கு என்பது பெரிய பாடம், படம் போட்டால்தான் புரியும். அடுத்த கடிதத்தில் படத்தோடு எழுதுகிறேன்.

அன்புத் தம்பி
ராஜகோபால்


முருகன் துணை

திருத்தணி
4.7.74

சிரஞ்சீவி தம்பிக்கு,

அரைஞாண் அலங்காரத்தைப் படித்ததும் இவர் சாப்பாட்டுத் தட்டை நகர்த்திவைத்துவிட்டுச் சிரித்தார். "இன்னொரு வாட்டி படி" என்று மூன்று தடவை. மறுநாள் ஆபீசுக்குப் போய் எல்லோரிடமும் சொல்லி, அவர்களும் சிரித்தார்களாம். நீ எழுதுவது அவருக்குச் சினிமா பார்த்த மாதிரி.

ஆனால் தம்பி, படம் எங்கே? புது ஸ்டேஷனை ஆடிக் கிருத்திகைக்கு முன்னாலேயே திறக்கப் போகிறார்கள். காவடிக் கூட்டத்துக்கு மலைக்கு வெளிச்சம் குறையக்கூடாதாம். போன வாரம் எஞ்சினியர் எல்லோரையும் கூப்பிட்டு வைத்து என்னென்னவோ சொன்னாராம். சந்தேகம் இருந்தால் கேளுங்கள் என்றாராம். சுவரில் ஒரு நோட்டீசும் ஒட்டியிருக்கிறதாம். ஏன் கேட்கவில்லை என்று நான் இவரைப் பிடித்துக்கொண்டேன். அதற்குச் சொல்கிறார்:

"இருபத்திரெண்டு வருஷம் சர்வீஸ். நேத்து வந்தவனுங்க எதிர்ல, 'எனுக்குப் புரியல சார்'ன்னு எப்படிக் கேக்கறது? மச்சான் எழுதுவான். அவன் எழுதினா ஒரே வாட்டில புரியும்."

உன்னை நம்பித்தான் இருக்கிறார். நகைச்சுவை குறைந்தாலும் பரவாயில்லை, பாடத்தை எழுது.

காஞ்சனா


முருகன் துணை

மேட்டூர் அணை
15.7.1974

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கோபம் இன்லண்டு லெட்டரின் ஒட்டுப் பசையிலேயே தெரிந்தது, அப்படி ஒட்டியிருந்தாய்.

உன் தம்பி இங்கே பெரிய ஆள் ஆகிவிட்டான். சென்ற வாரம் கரும்பலகையில் என்னைப் படம் போடச் சொன்னார்கள். போட்டேன். வகுப்பே கைதட்டியது. பஞ்சாட்சரம் சாரே என் பக்கத்தில் வந்து நின்று இரண்டு வார்த்தை சொன்னார். அதை எல்லாம் எழுதினால் தற்பெருமை என்பாய். விடு.

சேட்டு நேற்று அணை பார்க்கப் போனார். தண்ணீரையே வெகுநேரம் பார்த்துவிட்டு, "இவ்ளோ தண்ணி இங்க கீது, எங்க ஊர்ல குழாய்ல காத்து வருது" என்று காவலாளியிடம் சண்டைக்குப் போய்விட்டார். அவரைச் சமாதானம் பண்ணித் திரும்பியதில் நேற்றைய ஞாயிற்றுக்கிழமை போயிற்று. அதனால்தான் படம் போட முடியவில்லை. வரும் ஞாயிறு நிச்சயம். ஸ்கேல் பிடித்து, கலர் பென்சிலில், கோயில் நோட்டீஸ் மாதிரி போட்டு அனுப்புகிறேன். பாவாவைக் கிருத்திகைக் கூட்டத்தில் ஜாக்கிரதையாக இருக்கச் சொல். படி ஏற வேண்டாம், முழங்கால்.

அன்புத் தம்பி
ராஜகோபால்


மேட்டூர் அணை
28.8.1974

அக்காவுக்கு,

மூன்று வாரமாக எழுத உட்கார்ந்து எழுந்துவிடுகிறேன். தந்தி வந்து நான் ஓடி வந்த அன்று, பந்தலுக்கு வெளியே வேப்பமரத்தடியில் நின்றேன். நீ பார்த்தாய். பார்த்துவிட்டுத் திரும்பிக்கொண்டாய். அதற்குப் பிறகு உள்ளே வர எனக்குக் கால் வரவில்லை.

பந்தலுக்கு வருமுன் நேராக ஆஸ்பத்திரிக்குத்தான் போனேன்; அங்கே அரைஞாணை அறுத்தபோது நான் பக்கத்தில் இருந்தேன். சாவி அதில்தான் இருந்தது. அப்புறம் சைக்கிளை எடுத்துக்கொண்டு ரோட்டோரக் கம்பத்துக்குப் போய்ப் பார்த்தேன். கைப்பிடி கீழே இருந்தது. பூட்டு பூட்டியபடியே இருந்தது. பாவா இருபத்திரண்டு வருஷமாக எப்படிச் செய்தாரோ, அப்படியேதான் அன்றைக்கும் செய்திருந்தார். புது ஸ்டேஷன் திறந்து ஆறு நாள் ஆகியிருந்தது. ஆர்.கே.பேட்டை லைனுக்குக் கரண்ட் புது ஸ்டேஷன் இருக்கும் அந்தக் கோடியிலிருந்தும் வர ஆரம்பித்திருந்தது. இரண்டு பக்கமும் நிறுத்தி, கம்பியில் சங்கிலி வீசித் தரையோடு சேர்த்த பிறகுதான் கை வைக்க வேண்டும். நான் எழுதுவதாகச் சொன்ன பெரிய பாடம் இவ்வளவுதான்.

ஏன் எழுதவில்லை என்று நீ கேட்கவில்லை. நானே சொல்கிறேன்.

கரும்பலகையில் படம் போட்டேன், கைதட்டினார்கள் என்று எழுதினேன் அல்லவா? பொய். இந்தப் படத்தைத்தான் போடச் சொன்னார்கள். நான் ஒரு பக்கத்துக் கரண்டை மட்டும் நிறுத்திக் காட்டிவிட்டு, "லைன் கிளியர் சார்" என்று கம்பீரமாகத் திரும்பினேன். பஞ்சாட்சரம் சார் என் பக்கத்தில் வந்து, "ராஜகோபால், இப்ப நீங்க செத்துட்டீங்க" என்றார். வகுப்பு முழுக்கச் சிரித்தது. நானும் சேர்ந்து சிரித்தேன்.

அதை நடந்தபடி உனக்கு எழுதியிருந்தால் போதும், அக்கா. படமே வேண்டாம். பாவா விழுந்து விழுந்து சிரித்திருப்பார், ஆபீஸ் முழுக்கச் சொல்லியிருப்பார், ஜென்மத்துக்கும் மறந்திருக்க மாட்டார். நான் எழுதிய வேடிக்கைகளிலேயே உபயோகமான வேடிக்கை அதுதான். அதை மட்டும் மறைத்துவிட்டேன். அவர் விட்டுக்கொடுத்த சீட்டில் உட்கார்ந்துகொண்டு, முட்டாள் ஆகிவிட்டேன் என்று அவருக்கே எப்படி எழுதுவது என்று மானம் தடுத்தது. இட்டிலியைப் பற்றி எழுதினேன். அணையைப் பற்றி எழுதினேன்.

கார்த்திகையில் பயிற்சி முடிகிறது. அதே ஸ்டேஷனில்தான் எனக்கு வேலை போடுவார்களாம். நான் வீட்டுக்கு வரலாமா? வரலாம் என்று ஒரு வரி எழுதினால் போதும். வராதே என்றாலும் எழுது.

ராஜகோபால்


திருத்தணி
12.9.74

ராஜகோபாலுக்கு,

கடிதம் கிடைத்தது. இதை நான் யாருக்கும் படித்துச் சொல்லவில்லை.

கையெழுத்துப் போட ஆபீசுக்குக் கூப்பிட்டிருந்தார்கள். போட்டு முடித்த பிறகு, அவர் எப்படிச் செத்தார் என்று எஞ்சினியரைக் கேட்டேன். அவர் ஒரு பழைய கவரின் முதுகில் கோடு போட்டார். "இது ஒரு குழாய்ம்மா. இந்தக் கோடியில ஒரு தண்ணித் தொட்டி. இப்ப அந்தக் கோடியிலயும் ஒரு தொட்டி கட்டியாச்சு. இந்தப் பக்கம் மட்டும் அடைச்சா தண்ணி நிக்குமா?" என்றார். நிற்காது என்றேன். அவ்வளவுதான் என்றார். சுவரில் கடிகாரம் இருந்தது. கால் மணி நேரம்கூட ஆகவில்லை.

நான் எட்டாம் வகுப்பு. எனக்குப் புரிந்துவிட்டது. நீ இரண்டு வரி எழுதியிருந்தால், அடுப்படியில் உட்கார்ந்தே இரண்டு சொம்பை வைத்து அவருக்குக் காட்டியிருப்பேன்.

உன்மேல் அவருக்குக் கடைசிவரை கோபம் இல்லை. அதை நீ தெரிந்துகொள்ள வேண்டும் என்பதற்காக இதையும் எழுதுகிறேன். அன்று காலை சட்டையை மாட்டிக்கொண்டே, "தபால் வந்தா எடுத்து வை, நான் வந்து கேக்கறேன். படம் போட்டிருப்பான்" என்றார். அரைஞாணைத் தட்டிக் காட்டி, "அதுவரைக்கும் நம்ம அலங்காரம் நம்மகிட்ட" என்று சிரித்துக்கொண்டே போனார். நீ எழுதியதுதான் அது.

சாவியை ஆபீசில் கேட்டார்கள். கொடுத்துவிட்டேன்.

எனக்கு அந்த ஸ்டேஷனிலேயே பெருக்கித் தண்ணீர் பிடித்து வைக்கும் வேலை தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். ஐப்பசியிலிருந்து போகிறேன். நீயும் அங்கேதான் நாற்காலியில் இருப்பாய். வேலை விஷயம் என்றால் கேள், பதில் சொல்வேன். வீட்டுக்கு வர வேண்டாம். மனோரமா வரட்டும், போகட்டும். அவள் என்ன செய்வாள்.

நேற்று அங்கே கூட்டிப்போய்க் காட்டினார்கள். பலகையில் விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன. கூட வந்தவர் சொல்வதற்கு முன்னாலேயே நான் சொன்னேன், சிவப்பு என்றால் உயிரோடு இருக்கிறது, பச்சை என்றால் செத்துவிட்டது என்று. எப்படிம்மா தெரியும் என்று கேட்டார்.

அந்த ஒரு பாடம்தான் எங்களுக்கு வந்து சேர்ந்தது.

காஞ்சனா