டிவி கேம் வெடிச்சத்தம்

ஜூன் 10, செவ்வாய்

மறுபடியும் திருப்பி அனுப்பிட்டார் அந்தச் சென்னை இசையமைப்பாளர். பழைய டிவி கேம் சத்தங்களை வச்சே ஒரு பாட்டு செய்றாராம். குதிக்கிறது, காசு எடுக்கிறது, தோக்கிறது - எல்லாம் கம்ப்யூட்டரில் செஞ்சு கொடுத்தேன். அதெல்லாம் சரியாம். குண்டு வெடிக்கிறதில் மட்டும் உயிரில்லையாம். உயிரு! அவர் பெரிய ஆளு, நான் சிவகாசி காலண்டர் கடைக்காரர் மகள். என்ன வேணும்னாலும் பேசலாம்.

ஜூன் 11

வழி கண்டுபிடிச்சிட்டேன். அந்த வெடிச்சத்தத்தைப் பழைய பெட்டி டிவியில் விட்டு, மைக்செட் கடை சுஃபியான் அண்ணனோட ஸ்பீக்கர் பாக்ஸில் கொடுத்து, அறையே அதிர, செல்லில் பதியணும்.

ஜூன் 12, வியாழன்



மத்தியானம் ஜன்னலைக்கூடச் சாத்தாம வெடிச்சத்தத்தை அலறவிட்டேன். ஒரே தடவைதான். பதிஞ்ச கையோட, முழுசாக் கேட்காமலே சென்னைக்கு அனுப்பினேன். எட்டிப் பார்த்தா தெருவே ரோட்டில் நிக்குது, எந்தப் பக்கம் புகைன்னு வானத்தைப் பார்த்துக்கிட்டு. பக்கத்து வீட்டு பானுப்பிரியா செருப்புகூடப் போடாம ஓடுறா. அவ அம்மா கருப்பம்மா அக்காவுக்கு எம். புதுப்பட்டி பட்டாசுக் கம்பெனியில் வேலை. செல்லை கேட்டிலேயே வாங்கி வச்சிருவாங்க, கூப்பிட்டுக் கேட்க முடியாது. டிவி சத்தம்தான்னு நான் மாடியிலிருந்து கத்தினது யாருக்குக் கேட்டுச்சு? ஆட்டோ ஏறிப் போயிட்டா. பொழுதடையத்தான் அம்மாவோட திரும்பினா.

இந்த ஊர்ல பிறந்து வளந்தவளுக்கு இதுகூடவா தெரியாது? கூறுகெட்டவளே.

ஜூன் 13

பானு வந்தா. உக்காரல. "அந்தச் சத்தத்த என் முன்னாலயே அழி அப்ரின்"னா. அழிச்சேன். ஏற்கெனவே அனுப்பிட்டேன்னு சொல்ல வாய் வரல.

அவ போனதும் சென்னைக்குப் பேசினேன் - அது வேண்டாம் சார், வேற செஞ்சு தாரேன். சிரிக்கிறார்.

"இதுதாம்மா வேணும். கடைசியில ஒரு பொண்ணு யம்மானு கத்துது பாரு, அதுலதான் உயிரே இருக்கு. பாட்டு முழுக்க அதையே போட்டிருக்கேன்."

பானு குரல். அவ வீட்டு ஜன்னலுக்கும் எங்க ஜன்னலுக்கும் கை நீட்டுற தூரம்தான். காலில் விழாத குறையாக் கெஞ்சினேன். காசு கொடுத்தாச்சு, இனி உனக்கென்ன பேச்சுன்னு வச்சிட்டார்.

ஜூலை 20

பாட்டு வந்திருச்சு. நல்லாப் போகுதாம். நாசமாப் போக.

ஆகஸ்ட் 18, திங்கள்

காலையில் மாடியில் துணி காயப்போட்டுக்கிட்டிருந்தேன். கம்பெனி வேன் வந்து நின்னுச்சு. டிரைவர் அந்தப் பாட்டை அலறவிட்டிருந்தான். வெடிச்சத்தம், அடுத்து அந்த "யம்மா".

ஏறப்போன கருப்பம்மா அக்கா காலைக் கீழே வச்சிட்டாங்க. வீட்டைத் திரும்பிப் பார்த்து, "என்னத்தா பானு, கூப்பிட்டயா?"ன்னாங்க.

பானு வாசலில்தான் நின்னா. நிமிந்து என்னைப் பார்த்தா.