உப்பு போடாத சமையல்

மார்ச் 3, செவ்வாய்

சிகரெட்டை விட்டு இரண்டாவது நாள். கை சும்மா இருக்க மாட்டேன் என்கிறது. பரபரப்பு வரும்போது எதையாவது எழுதுங்கள் என்றார் டாக்டர். என்னத்தை எழுத? முப்பத்தொரு வருடமாக டிரைவிங் ஸ்கூல் காரில் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து மற்றவர்களை ஓட்ட வைக்கிற ஆள் நான். பேனா பிடித்ததெல்லாம் லைசென்ஸ் விண்ணப்பம் நிரப்பத்தான்.

நேற்று டாக்டரிடம் போனது எனக்காக இல்லை, என் மனைவிக்காக. பிரஷர் நூற்றெழுபதுக்கு நூறு. வேலை பார்க்கும் நூலகத்தில் புத்தகம் அடுக்கும்போது தலை சுற்றி, அலமாரியைப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறாள். அதையே என்னிடம் நான்கு நாள் கழித்துத்தான் சொன்னாள். டாக்டர் மாத்திரை எழுதினார், உப்பைக் குறைக்கச் சொன்னார், காய்கறி நிறையச் சாப்பிடச் சொன்னார். பிறகு என் சட்டைப்பையைப் பார்த்து, “வீட்டுக்குள்ள புகையே இருக்கக் கூடாது சார். அவங்க விஷயத்துல இது விளையாட்டில்ல” என்றார். அங்கேயே குப்பைக்கூடையில் பாக்கெட்டோடு போட்டேன். பெரிய வீரன் மாதிரி. வெளியே வந்து பத்து நிமிடத்தில் வீரமெல்லாம் போய்விட்டது.

அவளுக்கு ஏதாவது ஆகிவிட்டால் — வேண்டாம். இதை எழுத வேண்டாம்.

மார்ச் 5, வியாழன்

மாலை ஆறு மணிதான் எமன். வேலை முடிந்து வந்ததும் வாசலில் நின்று ஒன்று, அது அணைவதற்குள் இன்னொன்று — அந்த நேரம். இன்று வாசலுக்கும் கூடத்துக்கும் நடையாக நடந்தேன். “ஒரு இடத்துல உட்காருங்களேன், எனக்குத் தலை சுத்துது” என்றாள். உடனே மாத்திரை டப்பாவை எடுத்துக்கொண்டு ஓடி வந்தேன். சும்மா பேச்சுக்குச் சொன்னாளாம்.

வெளியூரில் இருக்கும் மகளிடம் போனில் புலம்பித் தீர்த்தேன். அந்த நேரத்துக்குச் சமையுங்கள் அப்பா என்கிறாள். நானா? வெந்நீர் வைத்தால்கூடத் தீய்த்துவிடுவேன் என்று பெயர் வாங்கியவன். காய்கறி நறுக்க முக்கால் மணி நேரம் ஆகும், அதற்குள் உங்கள் ஆறு மணி போய்விடும், வதக்க நான்கே நிமிடம் என்றாள். அம்மாவுக்கும் நல்லது, உங்கள் கைக்கும் வேலை என்றாள். பெற்ற பெண் எனக்கு வேலை போட்டுக் கொடுக்கிறாள்.

மார்ச் 6, வெள்ளி

சமைத்தேன்.

பீன்ஸ், கேரட், முட்டைகோஸ், குடமிளகாய், நாலு காளான். நறுக்கும்போது கை சட்டைப்பையைத் தேடவில்லை. நிஜமாகவே தேடவில்லை. முதல் வேலையாக உப்பு டப்பாவை எடுத்து மேல் தட்டில், அவள் கைக்கு எட்டாத இடத்தில் வைத்தேன். இந்த வீட்டில் இனி உப்பு கிடையாது. இஞ்சி, பூண்டு, மிளகுத்தூள், சோயா சாஸ், அவ்வளவுதான். சாஸ் ஒரு ஸ்பூன் போதும் என்றிருந்தாள் மகள். வாயில் வைத்துப் பார்த்தால் பச்சைத் தண்ணீர்தான். இன்னொரு ஸ்பூன் விட்டேன். இன்னொன்று. கடைசியில் எத்தனை என்று தெரியாது, நிறம் வந்தது, ருசியும் கொஞ்சம் எட்டிப் பார்த்தது.

கல்யாணமாகி இருபத்தொன்பது வருடத்தில் அவளுக்கு நான் சமைத்துப் போட்டது இதுதான் முதல் தடவை. ஒரு வாய் வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். “நல்லா இருக்கு” என்றாள். மிச்சம் வைக்காமல் சாப்பிட்டு, ஒரு செம்பு தண்ணீரும் குடித்தாள். எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை.

மார்ச் 9, திங்கள்

ஏழு நாள். பல்லைக் கடித்துக்கொண்டு.

மார்ச் 13, வெள்ளி

தொழில் கொஞ்சம் பிடிபடுகிறது. கழுவிய காயைத் துணியில் ஒற்றி எடுக்க வேண்டும், ஈரம் இருந்தால் வதங்காது, வெந்துதான் போகும். வாணலி புகையும் அளவுக்குச் சூடாக வேண்டும். கேரட், பீன்ஸ் முதலில். கோஸ் பிறகு. குடமிளகாய் கடைசி. மூடக் கூடாது. சாஸை நடுவில் கொட்டாமல் ஓரமாகச் சுற்றி விட்டால் சுர்ரென்று ஒரு சத்தம் வரும், அதைக் கேட்க எனக்குப் பிடித்திருக்கிறது. சோள மாவைத் தண்ணீரில் கரைத்து ஒரு கரண்டி விட்டால் எல்லாம் பளபளவென்று ஆகிவிடுகிறது.

அவள் தினமும் அதே “நல்லா இருக்கு”. தண்ணீரும் நிறையக் குடிக்கிறாள். டாக்டர் சொன்னதை ஒழுங்காகக் கேட்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன்.

ஆனால் மனசு ஒரு இடத்தில் நிற்பதில்லை. சமையல் முடிந்த அடுத்த நிமிடம் கால் வாசலைத் தேடுகிறது.

மார்ச் 17, செவ்வாய்

இன்று எல்லோர் மேலும் எரிந்து விழுந்தேன். தையல்கார அம்மா ஒருவர் மூன்று வாரமாக ஓட்டக் கற்றுக்கொள்கிறார். தினமும் வண்டியை நிறுத்தி நிறுத்திக் கொல்வார். இன்று நடைபாதைக் கல்லில் ஏற்றிவிட்டார். கத்தினேன். கடைசியில் பார்த்தால் சீட் பின்னால் தள்ளி இருந்திருக்கிறது, கிளட்சுக்குக் கால் சரியாக எட்டவே இல்லையாம். மூன்று வாரமாக! ஏன் சொல்லவில்லை என்றால், “திட்டுவீங்கன்னு பயமா இருந்துச்சு மாஸ்டர்” என்கிறார். அதற்கும் சேர்த்துத் திட்டினேன். என்ன ஜனங்களோ.

மார்ச் 23, திங்கள்

நூற்றறுபத்தெட்டுக்கு நூறு. மூன்று வாரம், இரண்டு புள்ளி.

டாக்டர் உப்பைப் பற்றித்தான் முதலில் கேட்டார். எங்கள் வீட்டில் உப்பு டப்பாவைக் கண்ணால் பார்த்தே இருபது நாள் ஆகிறது என்று மார்தட்டிச் சொன்னேன். அவள் தலையைக் குனிந்துகொண்டு கைப்பையின் வாரைத் திருகிக்கொண்டிருந்தாள். மாத்திரையின் அளவைக் கூட்டினார். இதற்கும் இறங்காவிட்டால் சிறுநீரகத்தைப் பார்க்க வேண்டும் என்றார். சாதாரணமாகத்தான் சொன்னார். எனக்குக் காது அடைத்துவிட்டது.

அவள் கால் வீங்கியிருக்கிறது. செருப்பு வார் பதிந்த தடம் வீட்டுக்கு வந்த பிறகும் போகவில்லை. என்ன தப்பு செய்கிறோம்? சிகரெட் இல்லை, உப்பு இல்லை, எண்ணெய்கூட இரண்டு ஸ்பூன்தான். பிறகு ஏன்?

மார்ச் 24, செவ்வாய்

இன்று அவள் தட்டில் இரண்டு பங்காக வைத்தேன். மருந்து மாதிரி நினைத்துச் சாப்பிடு என்றேன். சாப்பிட்டாள்.

மார்ச் 31, செவ்வாய்

முழுதாக எழுத வேண்டும், இல்லாவிட்டால் தலை வெடித்துவிடும்.

தட்டுகளில் பரிமாறி வைத்தேன். ஸ்கூல் முதலாளி போன் செய்தார், நாளைய வகுப்பு நேரம் பற்றி. பேசிக்கொண்டே மாடிக்குப் போனேன். சீக்கிரம் முடிந்துவிட்டது. இறங்கி வந்தால் அவள் சமையலறையில் குழாயடியில் நிற்கிறாள். கையில் வடிகட்டி. அதில் நான் சமைத்தது. தண்ணீரைத் திறந்துவிட்டு அலசிக்கொண்டிருக்கிறாள், பிஞ்சுக் குழந்தைக்குப் பழம் கழுவுகிற மாதிரி, பொறுமையாக.

என்ன பேசினேன் என்று எழுதக் கூசுகிறது. நான் கையை வெட்டிக்கொண்டு நறுக்குகிறேன், நீ சாக்கடையில் விடுகிறாயா என்றேன். பிடிக்காவிட்டால் முகத்துக்கு நேரே சொல்ல வேண்டியதுதானே என்றேன். அவள் குழாயை மூடக்கூட இல்லை. கரண்டியை எறிந்துவிட்டு வெளியே போனேன். நேராகக் கடைக்கு. ஒன்று வாங்கிப் பற்றவைத்தேன். இருபத்தொன்பது நாள் — ஒரே தீக்குச்சியில். பாதியில் இருமல் வந்தது. கீழே போட்டு மிதித்தேன்.

திரும்பி வந்து வாசலில் நின்றேன். உள்ளே போகக் கால் வரவில்லை. அவள்தான் வந்து கதவைத் திறந்தாள். வாசனை தெரிந்திருக்கும், கேட்கவில்லை.

“இதுக்குத்தாங்க சொல்லல” என்றாள்.

எதுக்கு என்றேன்.

“முதல் நாளே வாயில வைக்க முடியல, அவ்வளவு கரிப்பு. சொல்லிருந்தா அன்னைக்கே கரண்டிய எறிஞ்சுட்டுக் கடைக்குப் போயிருப்பீங்க. நீங்க அடுப்படில நிக்கிற அந்த ஒரு மணி நேரம்தான் எனக்கு நிம்மதி. என் பிரஷருக்கு மாத்திரை இருக்கு. உங்க நெஞ்சுக்கு என்ன இருக்கு?”

நீங்கள் எழுந்து போனால் கழுவிச் சாப்பிடுவேன், எதிரில் உட்கார்ந்திருந்தால் அப்படியே சாப்பிடுவேன் என்றாள். பெரும்பாலும் நான் எதிரில்தான் உட்கார்ந்திருந்தேன். அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு, பாராட்டுக்குக் காத்துக்கொண்டு.

ஏப்ரல் 1, புதன்

காலையில் வாணலியில் மிச்சம் இருந்ததை வாயில் போட்டேன். கடல் தண்ணீர். துப்பிவிட்டேன். நாக்குக்கு உயிர் வந்திருக்கிறது போல, எப்போது வந்தது என்றுதான் தெரியவில்லை. கொஞ்ச நாளாக அவள் பக்கமே பார்த்துக்கொண்டு, என் தட்டில் இருப்பதை நான் கவனித்ததே இல்லை.

மகளைப் போனில் கூப்பிட்டு நடந்ததைச் சொன்னேன். சாஸ் எத்தனை ஸ்பூன் விடுகிறீர்கள் என்று கேட்டாள். நாலு, ஐந்து, சில நாள் அதற்கும் மேலே என்றேன். “அப்பா, அந்த சாஸ்ல இருக்கிறதே உப்புதான்ப்பா” என்றாள். புகை பிடித்து மரத்துப்போன நாக்குக்கு அது தெரியாது என்றாள். பாட்டிலைத் திருப்பி, கண்ணாடி போட்டுக்கொண்டு படித்தேன். கொட்டை எழுத்தில் இல்லை, ஆனால் இருக்கிறது.

ஒரு மாதமாக அவளுக்கு நான் உப்பைக் காய்ச்சி ஊட்டியிருக்கிறேன். டாக்டரிடம் மார்தட்டியிருக்கிறேன். வெட்கமாக இருக்கிறது. பயமாகவும் இருக்கிறது.

ஏப்ரல் 2, வியாழன்

டாக்டரிடம் போய் ஒப்புக்கொண்டேன். அவர் சிரிக்கவில்லை. அதுவே போதும்.

ஏப்ரல் 3, வெள்ளி

சாஸ் இருவருக்கும் சேர்த்து ஒரு சின்ன ஸ்பூன், அதுவும் தண்ணீர் கலந்து. மிச்ச ருசிக்குப் பூண்டு, இஞ்சி, மிளகு, இரண்டு சொட்டு வினிகர். ருசி பார்ப்பது இனி அவள். “நல்லா இருக்கு” என்றாள். அந்த வார்த்தையை இந்த வீட்டில் இனி சொல்லக் கூடாது என்றேன். கோபமாகத்தான் சொன்னேன் போல, அவள் முகம் சுருங்கிவிட்டது. இப்படி அதட்டித்தான் இந்த நிலைமை என்று புத்திக்கு எட்டுவதற்குள் வாய் முந்திக்கொள்கிறது.

ஏப்ரல் 8, புதன்

சாப்பிட்டுக்கொண்டே இருந்தவள் நிறுத்தினாள். என்னைப் பார்த்தாள், தட்டைப் பார்த்தாள். “கேரட் வேகல” என்றாள்.

சுருக்கென்றது, பொய் சொல்ல மாட்டேன். எழுந்தேன். வாசல் வரை போனேன். அவள் சாப்பிடுவதை நிறுத்திவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தது எனக்கு முதுகில் தெரிந்தது. திரும்பி வந்து அவள் தட்டிலிருந்த கேரட்டை எல்லாம் பொறுக்கி மறுபடி வாணலியில் போட்டேன்.

ஏப்ரல் 20, திங்கள்

நூற்று நாற்பத்திரண்டுக்கு எண்பத்தெட்டு. டாக்டர் இரண்டு தடவை கட்டிப் பார்த்தார். பேருந்தில் அவள் ஜன்னலோரம் தூங்கிவிட்டாள். இறங்க வேண்டிய இடம் தாண்டியும் நான் எழுப்பவில்லை.

ஏப்ரல் 26, ஞாயிறு

இன்று ஒரு வாய் வைத்துவிட்டுத் தட்டைத் தள்ளினாள். “சகிக்கலங்க.” இஞ்சி காரம் தொண்டையைப் பிடிக்கிறதாம், பீன்ஸ் விறகு மாதிரி இருக்கிறதாம். தட்டை எடுத்துக்கொண்டு சமையலறைக்கு வந்தேன். இன்னொரு குடமிளகாயை எடுத்து நறுக்க ஆரம்பித்தேன். மணி ஆறேகால்.

அவள் கூடத்திலிருந்து பேசிக்கொண்டே இருந்தாள். குளித்தால் துண்டைக் கட்டிலில் போடுகிறேனாம். மகள் பிறந்த அன்று ஆஸ்பத்திரிக்கு இரண்டு மணி நேரம் தாமதமாக வந்தேனாம். அவள் தம்பி கல்யாணத்தில் எல்லோர் எதிரிலும் அவளை அதட்டினேனாம், அன்று முழுக்கச் சாப்பிடவில்லையாம் அவள். எனக்கு நினைவே இல்லை. இருபத்தொன்பது வருடத்துச் சமாச்சாரம், ஒவ்வொன்றாக வருகிறது. நடுவில் ஒரு தடவை நிறுத்தி, “கோவமா?” என்று கேட்டாள். இல்லை, சொல்லு, காது கொடுத்துத்தான் கேட்கிறேன் என்றேன்.

இரண்டாவது தட்டைச் சாப்பிட்டு முடித்துவிட்டோம். நான் எதிரில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். அவள் இன்னும் சொல்லி முடிக்கவில்லை.