நான்கில் மூன்று பங்கு

அன்புள்ள அக்கா,

இன்று நம் சபைக் கமிட்டி கூடி, ஜெபித்து, ஒரு மணி நேரம் விவாதித்து, கூட்டங்களில் இனி மிக்சருக்குப் பதில் பிஸ்கட் கொடுப்பது என்று தீர்மானித்தது. விதிப்படி நான்கில் மூன்று பங்கு கைகள் உயர்ந்தன. உயர்ந்திருந்த என் கையைப் பார்த்ததும் உங்கள் நினைவு வந்தது.

எண்பதுகளில், இதே சித்தூரில், கல்குவாரி காண்ட்ராக்டர் ஒருவர் நம் பள்ளிக்கூடத்துக்குப் பின்னாலிருந்த சபை மனையில் வெடிமருந்துக் கிடங்கு கட்டக் கேட்டார். இரண்டு முறை வாக்கெடுத்தோம். இரண்டு முறையும் முக்கால் பங்கு தேறவில்லை. அவர் தளரவில்லை. சபைக்கு நிதி சேர்க்கும் அறுப்பின் பண்டிகை ஏலத்தில் ஒரு பூசணிக்காயை ஊர் வாய்பிளக்கும் விலைக்கு எடுத்தார். மறுவாரமே மூன்றாவது வாக்கெடுப்பு. என் தம்பிக்குக் குவாரியில் வேலை தருவதாகச் சொல்லியிருந்தார். அதனால் வெடிமருந்து எனக்கும் அவ்வளவு ஆபத்தாகத் தோன்றவில்லை.

"பயமே வேணாம்மா, ஏமீ காது, ஒண்ணும் ஆவாது. மருந்து பாட்டுக்குப் பெட்டில தூங்கிக்கினு இருக்கும்" என்றார் அவர் அன்றைய கூட்டத்தில்.

மிஷன் ஆஸ்பத்திரியில் தீக்காய வார்டு நர்ஸ் நீங்கள். "தூங்கறதுதானே? உன் கட்டிலுக்குக் கீழ தூங்க வையேன்யா" என்றீர்கள். பிறகு பைபிளுக்குள்ளிருந்து ஒரு செய்தித்தாள் துண்டை எடுத்து வாசித்தீர்கள். பசிபிக் கடலில் பலாவ் என்றொரு தீவு. நம் தாலுகா அளவுகூட ஜனம் இல்லை. அணு ஆயுதம் உள்ளே வரக்கூடாதென்று சட்டத்திலேயே எழுதிவிட்டார்கள். மாற்ற வேண்டுமானால் முக்கால் பங்கு ஜனம் ஒப்ப வேண்டும். அமெரிக்காவுக்கு அது பிடிக்கவில்லை. வாக்கெடுப்புமேல் வாக்கெடுப்பு நடந்தது. முக்கால் பங்கு தேறவேயில்லை.

"சபைக் கூட்டத்துல தீவு எதுக்கும்மா?" என்றார் போதகர்.

"அங்கயும் இதே கதைதான் ஐயரே. வேணாம்னு எத்தினி தபா சொன்னாலும் திரும்பக் கேப்பாங்க. சரின்னு ஒரே ஒரு தபா சொல்லிட்டா, அப்பறம் கேக்கவே மாட்டாங்க."

கை தூக்கச் சொன்னார் போதகர். பாதி தூக்கிய கையால் நான் தலையைச் சொறிந்துகொண்டேன். எண்ணினார்கள். முக்கால் பங்குக்கு ஒரு கை குறைந்தது.

வெளியே வந்ததும், "தலையில பேன் கடிச்சுதா?" என்றீர்கள். அதற்குமேல் ஒரு வார்த்தை கேட்கவில்லை. தம்பி லாரி ஓட்டப் போனான். பள்ளிக்கூட மணி இன்றும் அதே இடத்திலிருந்துதான் கேட்கிறது. கேட்கும்போதெல்லாம் எனக்கு மூச்சு சீராகிறது. அந்தச் செய்தித்தாள் துண்டு இப்போது என் பைபிளில் இருக்கிறது.

காண்ட்ராக்டர் கிடங்கைத் தன் வீட்டுக்குப் பின்னாலேயே கட்டிக்கொண்டார். அந்த மாதமே குடும்பத்தைத் திருப்பதிக்குக் குடி மாற்றினார்.