மூன்று தரம் ஊறிய கையுறை

மச்சான்,

இன்று காலை பல்லரோ சந்தையில், நம்முடைய ஆட்களின் கடையில், ஒரு தேங்காய் எண்ணெய்ப் போத்தல் விழுந்து உடைந்தது. கடைக்காரர் மரத்தூள் கொட்டிக் கூட்டிக்கொண்டிருந்தார். நான் வாங்க வந்ததை விட்டுவிட்டு வெளியே வந்துவிட்டேன். அந்த மணம் மூக்கில் ஏறினால் என்னால் இப்போதும் அங்கே நிற்க முடியாது. ஏனென்று உன்னிடம் ஒருநாளும் சொன்னதில்லை.

இந்த ஊரில் நம் கோயிலுக்குப் பின்னால் இருந்த மைதானத்தில் நீ பந்து எறிவாய், நான் குந்தியிருந்து பிடிப்பேன். இலங்கைப் பெடியளுக்கு எதற்குப் பேஸ்போல், கிரிக்கெட் போதாதா என்று சிரிக்காத ஆள் இல்லை. அப்படி எறிந்தே நீ இந்த நாட்டின் வடக்கில் ஒரு கழகத்துக்குச் சம்பளத்தோடு ஆடப் போனாய். நான் பொலிதேயாமாப் பக்கம் ஒரு சின்யோரா அம்மா வீட்டில் தரை துடைத்துக்கொண்டு உன் ஆட்டங்களைக் கைபேசியில் பார்த்தேன். பந்து உன் கையை விடுமுன்னரே அது எங்கே போகும் என்று எனக்குத் தெரியும். அதில் எனக்குத் தலைக்கனம் கொஞ்சம் கூடத்தான்.

மூன்றாம் வருடம் உன் தோள் நோகத் தொடங்கியது. ஒப்பந்தமும் முடிகிற நேரம். கடைசி ஆட்டத்தில் நன்றாக எறிந்தால் நீட்டிப்பார்கள். இல்லையென்றால் வேலை இல்லை, வேலையைக் காட்டிப் புதுப்பிக்க வேண்டிய பெர்மெசோ என்ற வதிவிட அனுமதியும் இல்லை. அந்த வாரம் வீட்டுக்கு வந்திருந்த நீ, கையுறையை என் மடியில் போட்டாய்.

"தோல் காய்ஞ்சு போச்சு மச்சான். உன்ரை கை பட்டால்தான் சரிவரும்."

நம் கையுறைகளுக்கு எப்போதும் நான்தான் எண்ணெய் போடுவேன். தலைக்கு வைக்கிற அதே தேங்காய் எண்ணெய், ஒரு துளி. அன்று ஒரு துளி எனக்குப் போதவில்லை. உனக்கு நல்லது நடக்க வேண்டும் என்று பைத்தியக்காரன் மாதிரி மூன்று தரம் ஊறவிட்டேன்.

உன்னோடு ரயிலேறி நானும் வந்தேன். கொளுத்தும் வெயில். நாலாவது இன்னிங்ஸ் வரை உன் பந்தை ஒருவராலும் தொட முடியவில்லை. ஐந்தாவதில், வெயிலில் கையுறையிலிருந்து கசிந்த எண்ணெயில் பந்து உன் விரலில் வழுக்கியது. கையைக் காற்சட்டையில் துடைத்தாய். மறுபடி பந்தை எடுக்கக் கையுறைக்குள் விட்டாய், மறுபடி வழுக்கியது. எதிரணிப் பயிற்சியாளர் நடுவரிடம் நடந்து போனார். பந்தில் எதையும் பூசக்கூடாது என்பது எறிபவனுக்கு உள்ள சட்டம். நடுவர் உன் கையுறையை வாங்கி, விரலால் தடவி, முகர்ந்து பார்த்தார். நான் வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அது என் வேலை என்று கத்தியிருக்கலாம்.

உன்னை வெளியே அனுப்பினார்கள். யார் பூசியது என்று கழகத்தார் கேட்டபோது, நீயே பூசியதாகச் சொன்னாய். ஒப்பந்தம் அதோடு சரி.

திரும்பி வரும்போது ரயிலில் ஒன்றே ஒன்றுதான் கதைத்தாய். "வெயில் கூடிப்போச்சு, வேறை ஒண்டுமில்லை."

பிறகு பிரான்காச்சோவில் ஒரு பட்டறையில் வேலை எடுத்தாய். பெர்மெசோ தப்பியது. நீ மறுபடி எறியவில்லை. ஆஸ்பத்திரியில் உன்னைக் கடைசியாகப் பார்க்க வந்தபோது தலையணைக்கு அடியிலிருந்து கையுறையை எடுத்து நீட்டினாய்.

"காய்ஞ்சு போச்சு. எண்ணெய் போட்டு வை."

"ஓம்," என்றேன். கையுறையை வாங்கிப் பைக்குள் வைத்தேன்.

நீ என்னையே பார்த்துக்கொண்டிருந்தாய். "ஒரு துளி போதும், மச்சான்."

நீ கண்மூடிய பிறகு இந்த இரண்டு வருடமாகக் கையுறை காய்ந்தபடியே கிடந்தது. இன்று அந்தக் கடைக்குத் திரும்பிப் போய் ஒரு சின்னப் போத்தல் வாங்கி வந்தேன். கையுறை மடியில் இருக்கிறது. அன்று மூன்று தரம் ஊறவிட்டது நான்தான். உனக்கு முதலே தெரியும். இருந்தாலும் நான் சொல்ல வேண்டும்.

ஒரு துளிதான் எடுத்திருக்கிறேன்.