அமைச்சர் வீட்டுக்கு எதிரே ஆணியடிக்கப்பட்ட எங்கள் ஜன்னல்

அனுப்புநர்:
லாரி ஓட்டுநரின் மனைவி, ரொட்டி ஆலைத் தொழிலாளி,
அமைச்சர் குடியிருந்த வீட்டுக்கு எதிர்வீடு, மேல்மாடி.

பெறுநர்:
மாநகரக் காவல் ஆணையர் அவர்கள்,
ஆணையர் அலுவலகம்.

பொருள்: எங்கள் சொந்த வீட்டு ஜன்னலைக் காவல்துறையினர் பலகை வைத்து அடைத்தது, அதை நான் பிடுங்கியதற்காக என்மேல் வழக்குப் போட்டது, திரும்பவும் அடைக்க வருவதாகச் சொல்லியிருப்பது தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

கோபம் அடங்கிய பிறகு எழுதலாம் என்று காத்திருந்தேன். அடங்கவில்லை. ஆகவே கோபத்தோடுதான் எழுதுகிறேன். எங்காவது மரியாதை குறைந்திருந்தால் அது தங்களை நோக்கியது அல்ல என்று கொள்ள வேண்டுகிறேன்.

என் கணவர் லாரி ஓட்டியவர். சரக்கு இறக்கும் இடத்தில் மரக்கட்டை சரிந்து முதுகில் விழுந்ததில் இடுப்புக்குக் கீழே உணர்வு போய்விட்டது. அன்றிலிருந்து கட்டில்தான். தெருவைப் பார்த்த ஒரே ஜன்னலின் ஓரமாகக் கட்டிலைப் போட்டிருக்கிறோம். நான் விடியுமுன் ஆலைக்குப் போனால் பிற்பகல்தான் திரும்புவேன். அதுவரை அவருக்குத் துணை அந்த ஜன்னல்தான்.

எங்கள் தெரு குறுகலான முட்டுச்சந்து. உள்ளே வரும் வண்டி எதுவானாலும் பின்பக்கமாகத்தான் வெளியேற வேண்டும். படுத்த இடத்திலிருந்தே என் கணவர் வழி சொல்வார். "வரட்டும், வரட்டும்... கொஞ்சம் இடது பக்கம் ஒடிங்க... அவ்வளவுதான், நேரா விடுங்க!" காய்கறி வண்டிக்காரரிலிருந்து தண்ணீர் லாரிக்காரர் வரைக்கும் அவரை "ஜன்னல் அண்ணன்" என்றுதான் கூப்பிடுவார்கள். வேலை போன மனிதருக்கு அது எவ்வளவு பெரிய காரியம் என்பதைத் தாங்கள் புரிந்துகொள்வீர்கள் என்று நம்புகிறேன்.

எதிர்வீட்டுக்கு அமைச்சர் குடிவந்தார். முட்டுச்சந்து என்பதால் பாதுகாப்பு அதிகம் என்று தேர்ந்தெடுத்தார்களாம். முதலில் ஒரு காவலர் வந்து, "அம்மா, ஐயா கார் வரும்போது மட்டும் ஜன்னல சாத்திக்கோங்க" என்றார். சாத்தினோம். பிறகு கார் போகும்போதும் சாத்தச் சொன்னார்கள். பிறகு பகல் முழுவதும் மூடியிருக்கட்டும் என்றார்கள். அதற்கும் ஒத்துக்கொண்டோம். நாலு பேருக்குப் பெரியவர், அவர் உயிருக்கு ஆபத்து என்கிறார்கள், நம்மால் ஏன் தொல்லை என்று நாங்களே எங்களைச் சமாதானப்படுத்திக்கொண்டோம்.

ஒருநாள் அமைச்சரின் பாதுகாப்பு வண்டியைப் பின்னால் எடுத்தார்கள். நான் அன்று விடுப்பில் வீட்டில் இருந்தேன். என்ஜின் சத்தத்தை வைத்தே என் கணவருக்கு விஷயம் புரிந்துவிட்டது. ஜன்னல் கதவைத் தள்ளித் திறந்து, "நிறுத்துங்க! பின்னாடி விளக்குக் கம்பம் இருக்கு!" என்று கத்தினார். கீழே காவலுக்கு நின்ற எங்கள் பகுதிக் காவல் ஆய்வாளர், "யாருடா அது? ஜன்னல மூடுடா!" என்று பதிலுக்குக் கத்தினார். அடுத்த நொடி வண்டி கம்பத்தில் மோதியது. பின் கண்ணாடி பொலபொலவென்று உதிர்ந்தது. என் கணவர் வாய் சும்மா இருக்கவில்லை. "சொன்னா கேட்டாத்தானே!" என்றார். தெருவே சிரித்தது. முன்னால் நின்ற காரில் அமைச்சர் உட்கார்ந்திருந்தார்.

மறுநாள் ஆய்வாளர் ஒரு தச்சரைக் கூட்டிக்கொண்டு வந்தார். ஒரு வார்த்தை கேட்காமல் செருப்புக் காலோடு என் கணவரின் கட்டிலை இழுத்து நகர்த்தி, ஜன்னலில் குறுக்கும் நெடுக்குமாகப் பலகை வைத்து அறைந்தார்கள். ஏன் என்றேன். "பாதுகாப்பு." யார் சொன்னது என்றேன். "மேலிடம்." உத்தரவைக் காட்டுங்கள் என்றேன். "எழுத்துல எல்லாம் தரமாட்டாங்கம்மா" என்றார். சிரித்தது தெரு, தண்டனை ஜன்னலுக்கு. தச்சர் மட்டும் போகும்போது என் முகத்தைப் பார்க்காமல், "மன்னிச்சிருங்கக்கா" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் பகலிலும் விளக்கு எரிந்தது. அறை அடுப்பாகக் கொதித்தது. என் கணவருக்கு முதுகில் புண் கண்டது. மருத்துவர் காற்றும் வெளிச்சமும் வேண்டும் என்று சீட்டில் எழுதித் தந்தார். அதை விடக் கொடுமை, அவர் பேச்சை நிறுத்தியது. வாய் ஓயாத மனிதர். வேலை முடிந்து வந்ததும், "வெளிய மழையா?" என்று கேட்பார். அவ்வளவுதான். ஒருநாள் நான் கதவைத் திறந்தபோது அவர் தரையில் கிடந்தார். பலகை இடுக்கு வழியாகத் தெருவைப் பார்க்க எக்கியிருக்கிறார், விழுந்துவிட்டார். எவ்வளவு நேரமாக அப்படிக் கிடந்தாரோ தெரியாது. கூப்பிட்டும் யாருக்கும் கேட்கவில்லை. தெருவுக்கே கேட்ட குரல், ஐயா, அது.

மருத்துவர் சீட்டோடு காவல் நிலையத்துக்குப் பலமுறை நடந்தேன். "ஜன்னலே இல்லாத வீட்டுல எத்தன பேர் குடியிருக்காங்க, தெரியுமா?" என்று ஆய்வாளர் கேட்டார். தெரியும். நானே அப்படிப்பட்ட வீட்டில் வளர்ந்தவள்தான். ஜன்னல் இல்லாமல் இருப்பது வேறு. இருக்கிற ஜன்னலை அடுத்தவன் வந்து அறைந்துவிட்டுப் போவது வேறு. முன்னதில் காற்றுதான் இல்லை. பின்னதில் நாங்கள் மனிதர்களாகவே இல்லை.

பிறகு அமைச்சரின் பதவி பறிபோனது. வீட்டைக் காலி செய்தார். வாசலில் நின்ற காவலர்களும் போனார்கள். பலகையும் போகும் என்று காத்திருந்தேன். போகவில்லை. நிலையத்துக்குப் போய்க் கேட்டதற்கு, "அடிக்கச் சொன்னாங்க, அடிச்சோம். எடுக்கச் சொல்லி எழுத்துல வரலியேம்மா" என்றார்கள். அடிக்கும்போது தேவைப்படாத எழுத்து எடுக்கும்போது மட்டும் எங்கிருந்து முளைத்தது என்பதைத் தாங்கள்தான் அவர்களிடம் கேட்க வேண்டும்.

அன்றே தண்ணீர் லாரிக்காரரிடம் கடப்பாரை வாங்கி வந்து நானே பிடுங்கினேன். கை காய்த்தவள்தான், ஆனாலும் தோல் உரிந்தது. முதல் பலகை பெயர்ந்து வந்ததும் வெயில் என் கணவரின் முகத்தில் விழுந்தது. கண் கூசியது அவருக்கு. கையால் மறைத்துக்கொண்டார். அழுதாரா என்று நான் பார்க்கவில்லை, மிச்சப் பலகைகளும் இருந்தன. கீழே காய்கறி வண்டிக்காரர் நிமிர்ந்து பார்த்து, "அண்ணே! உசுரோட இருக்கீங்களா?" என்றார். "உன் வண்டிச் சக்கரம் ஆடுது, அதப் பாரு மொதல்ல" என்றார் இவர்.

இதற்காக என்மேல் வழக்கு. அரசுப் பொருளுக்குச் சேதம் விளைவித்தேனாம், அரசு ஊழியர் கடமைக்கு இடையூறு செய்தேனாம். என் வீட்டுச் சுவரில், என் வீட்டு ஜன்னலில் அறைந்த பலகை அரசுப் பொருளாம்! ஒரு பலகையையும் நான் உடைக்கவில்லை. மாடிப்படிக்குக் கீழே அடுக்கி வைத்திருக்கிறேன். ஆள் அனுப்பி எடுத்துக்கொள்ளலாம். சுவரில் விழுந்த ஓட்டைகளை அடைத்துத் தருவது யார் என்பதையும் அப்படியே சொல்லியனுப்பினால் நல்லது.

இப்போது புதிய அமைச்சர் அதே வீட்டுக்கு வருகிறாராம். நேற்று ஆய்வாளர் அதே தச்சரோடு மறுபடியும் வந்தார். தச்சர் ஜன்னலைப் பார்த்தார், என் கணவரைப் பார்த்தார், பையைத் துழாவுவதுபோலத் துழாவிவிட்டு, "ஆணி தீர்ந்துபோச்சுங்க சார்" என்றார். பைக்குள் ஆணி குலுங்கிய சத்தம் எனக்கே கேட்டது. ஆய்வாளருக்கும் கேட்டிருக்கும். "வேற ஆளோட நாளைக்கு வர்றேன்" என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். போகிற போக்கில், "படுத்துக் கிடக்கிற ஆளுக்கு வெளிய பார்க்க அப்படி என்ன இருக்கு?" என்றும் கேட்டார்.

என்மேல் போட்ட வழக்கைத் திரும்பப் பெற வேண்டும். எழுத்தில் உத்தரவும் காரணமும் இல்லாமல் எங்கள் வீட்டுப் படியில் எந்தக் காவலரும் கால் வைக்கக் கூடாது என்று தாங்கள் ஆணையிட வேண்டும். இவை இரண்டும்தான் என் வேண்டுகோள். ஜன்னலைத் திறந்து வைக்க அனுமதி கேட்டு நான் இதை எழுதவில்லை. அது திறந்துதான் இருக்கிறது. நாளை நான் ஆலைக்குப் போகாமல் அதன் முன்னால் நிற்பேன். அடிக்க வருகிறவர் என்னை நகர்த்திவிட்டுத்தான் அடிக்க வேண்டும்.

ஆய்வாளர் கேட்ட கேள்விக்கு நாங்கள் பதில் சொல்லவில்லை. என் கணவர் எதைப் பார்க்கிறார், எதற்காகப் பார்க்கிறார் என்று யாருக்கும் சொல்ல வேண்டிய கடமை எங்களுக்கு இல்லை என்பதை இதன்மூலம் தங்கள் கவனத்துக்குக் கொண்டுவருகிறேன்.

நாள்: திங்கட்கிழமை
இடம்: எங்கள் சொந்த வீடு

இப்படிக்கு,
(கையொப்பம்) லாரி ஓட்டுநரின் மனைவி
(கையொப்பம்) லாரி ஓட்டுநர்

குறிப்பு: என் கணவர் படுத்தபடியே கையெழுத்துப் போட்டதால் அது கோணலாக இருக்கிறது. போட்டது அவரேதான், யாரும் கையைப் பிடித்துப் போடவைக்கவில்லை.